ஒரே தடவை வாசிப்பது, ஓயாமல் ஓடுவது

ஜாஸ் இசைக்கும் சினிமாவுக்கும் உள்ள உறவில் காதலும் உண்டு, கசப்பும் உண்டு. யாழ்ப்பாணத்திலிருந்து கிளம்பி, பெங்களூர் வரை வந்து சேர்ந்த ஒரு வயலின் குடும்பத்தின் கதையில் இரண்டையும் பார்க்கலாம்.

விநாயகர் ஊர்வல நெரிசலில் கூட வந்தவளைத் தவறவிட்ட சிறுவன், சந்தடியை விட்டு விலகி ஒரு மூலையில் போய் உட்காருகிறான். பையிலிருந்து பம்பரத்தை எடுக்கிறான். காமிரா அவன் முகத்தை நோக்கி மெல்ல நகர்கிறது. மீரா நாயரின் 'சலாம் பாம்பே' (1988) அப்படித்தான் முடிகிறது. கான் திரைப்பட விழாவில் அறிமுக இயக்குநருக்கான தங்கக் காமிரா விருதைப் பெற்று, ஆஸ்கார் போட்டிவரை போன படம்.

அந்தப் படத்துக்கு இசையமைத்தவர் பம்பாய் சினிமாக்காரர் அல்ல. சென்னை மருத்துவக் கல்லூரியில் எம்.பி.பி.எஸ். படித்தவர். கர்நாடக சங்கீத மேடையில் வளர்ந்து, அமெரிக்க, ஐரோப்பிய ஜாஸ் மேதைகளுக்குச் சமமாக உட்கார்ந்து வாசித்தவர். பெங்களூரைத் தன் ஊராக்கிக்கொண்ட எல். சுப்பிரமணியம். 2025-ல் அவருக்குப் பத்மவிபூஷண் அறிவிக்கப்பட்டபோது பட்டியலில் அவர் பெயருக்கு எதிரே இருந்த மாநிலம் கர்நாடகம்.

ஜாஸ் வாசிப்பவர் சினிமாவுக்கு வருவதில் என்ன விசேஷம் என்று கேட்கலாம். விசேஷம் அந்த இரண்டின் சுபாவத்திலேயே இருக்கிறது. ஜாஸில் ஒரு முறை வாசித்ததை மறுமுறை அப்படியே வாசித்தால் குறை. சினிமாவிலோ ஒரு முறை பதிவானது பதிவானதுதான். ஆயிரம் தியேட்டர்களில் ஆயிரம் காட்சி ஓடினாலும் ஒரு ஸ்வரம் நகராது. நிமிஷத்தில் பிறந்து நிமிஷத்தில் மறையும் கலை ஒன்று, நிமிஷத்தைப் பிடித்து டப்பாவில் அடைக்கும் கலை இன்னொன்று. இரண்டும் கைகோத்துக் கிட்டத்தட்ட நூறு வருஷம் ஆகிறது. இந்தக் கூட்டணியில் யாருக்கு என்ன கிடைத்தது, யார் எதை இழந்தார்கள் என்பதுதான் கேள்வி.

பாவத்தின் பின்னணி இசை

பேசும் சினிமாவின் வருகையை அறிவித்த 1927-ம் வருஷத்து ஹாலிவுட் படத்தின் பெயரே 'தி ஜாஸ் சிங்கர்'. முரண் என்னவென்றால், ஜாஸை உருவாக்கிய கறுப்பின மக்களில் ஒருவர் அதில் பாடவில்லை. வெள்ளைக்காரரான அல் ஜால்சன் முகத்தில் கரி பூசிக்கொண்டு பாடினார். இசை வேண்டும், இசைக்காரன் வேண்டாம் என்கிற மனோபாவம் முதல் நாளே தொடங்கிவிட்டது.

அடுத்த கால் நூற்றாண்டில் திரையில் ஜாஸ் கேட்டால் ஏதோ தப்பு நடக்கப்போகிறது என்று ரசிகர்களுக்குத் தெரிந்துவிடும். மதுக்கடை, சூதாட்டம், கொலை, மோகம் இவைதான் அதற்கு ஒதுக்கப்பட்ட இடங்கள். 'எ ஸ்ட்ரீட்கார் நேம்ட் டிசையர்' (1951) படத்தில் அலெக்ஸ் நார்த் ஜாஸின் சாயலில் முழுப் பின்னணி இசையையும் அமைத்தது பெரிய திருப்பம். ஆனால் அங்கேயும் அது காமத்தின் குரல்தான். 'தி மேன் வித் தி கோல்டன் ஆர்ம்' (1955) படத்தில் டிரம் வாசிக்க ஆசைப்படும் கதாநாயகன் போதை மருந்துக்கு அடிமை.

நம் ஊர் சினிமாவும் இதே பாடத்தைத்தான் படித்தது. கதாநாயகி பாடினால் வீணை, புல்லாங்குழல். கிளப்பில் ஆடுபவள் வந்தால் டிரம்பெட், சாக்ஸஃபோன். கற்புக்கு ஒரு வாத்தியம், கவர்ச்சிக்கு ஒரு வாத்தியம் என்று பாகப்பிரிவினை செய்துவிட்டார்கள். அந்தப் பிரிவினைக்குள் இருந்துகொண்டே நல்ல சங்கீதம் பிறந்தது வேறு விஷயம். 'கலைக்கோவில்' (1964) படத்துக்காக விஸ்வநாதன்–ராமமூர்த்தி அமைத்து எல்.ஆர். ஈஸ்வரி பாடிய பாடலை இன்றைக்குக் கேட்டாலும் ஸ்விங் நடையின் துள்ளல் தெரியும். அதே படம் வீணைக் கலைஞனைப் பற்றியது என்பதையும் நினைவில் கொள்ள வேண்டும்.

இந்த உறவின் உச்சகட்டம் 1957 டிசம்பரில் பாரிசில் நிகழ்ந்தது. லூயி மால் என்ற இளம் இயக்குநர், தன் முதல் கதைப் படத்தின் காட்சிகளைத் திரையில் ஓடவிட்டார். டிரம்பெட் மேதை மைல்ஸ் டேவிஸும் நான்கு கலைஞர்களும் அதைப் பார்த்துக்கொண்டே வாசித்தார்கள். கையில் சில குறிப்புகள், ஒரே இரவு, அவ்வளவுதான். காதலனைத் தேடி இரவில் தெருத்தெருவாக அலையும் ஜான் மோரோவின் முகமும் அந்த டிரம்பெட்டும் பிரிக்க முடியாதபடி ஒட்டிக்கொண்டன. உடனுக்குடன் கற்பனை செய்யும் கலை, நகராத பிம்பத்தின் மீது நிரந்தரமாகப் பதிந்த ராத்திரி அது. இரண்டு வருஷம் கழித்து டியூக் எலிங்டன் 'அனாடமி ஆஃப் எ மர்டர்' (1959) படத்துக்கு இசையமைத்ததோடு, அதில் சின்ன வேடத்தில் தலைகாட்டவும் செய்தார்.

டைட்டிலில் இல்லாதவர்கள்

இந்தியாவுக்கு ஜாஸ் வந்தது கப்பலில். 1935-ல் லியோன் ஆபி என்ற கறுப்பின வயலின் கலைஞர் தன் குழுவோடு பம்பாய் தாஜ்மகால் ஓட்டலில் வந்து இறங்கினார். பின்னால் இன்னும் சிலர் வந்தார்கள். அவர்களிடம் கற்றுத் தேறியவர்களில் பெரும்பாலோர் கோவாக்காரர்கள். சர்ச் பள்ளிகளில் சிறு வயதிலேயே ஸ்வரக் குறிப்பைப் படிக்கப் பழகியவர்கள் என்பதால் எந்த இசையையும் பார்த்த மாத்திரத்தில் வாசிக்க முடிந்தது.

சுதந்திரத்துக்குப் பிறகு பம்பாயில் மதுவிலக்கு வந்தது. ஆங்கிலேயர்கள் போய்விட்டார்கள். இரவு விடுதிகளில் கூட்டம் குறைந்தது. வயிற்றுப்பாட்டுக்கு மிச்சமிருந்தது சினிமா ஸ்டூடியோ. பகலில் இந்திப் பாட்டு, இரவில் மிச்சமிருந்த ஓட்டல்களில் ஜாஸ் என்று அவர்கள் வாழ்க்கை இரண்டாகப் பிரிந்தது. இசையமைப்பாளர் மெட்டைப் பாடிக் காட்டுவார். அதற்குக் குறிப்பு எழுதி, எந்த இடத்தில் எந்த வாத்தியம் என்று பிரித்துக் கொடுத்து, அறுபது பேரைக் கட்டி மேய்ப்பது கோவாக்கார 'அரேஞ்சர்' வேலை. ஷங்கர்–ஜெய்கிஷனின் பிரம்மாண்டமான வயலின் அலைகளுக்குப் பின்னால் செபாஸ்டியன் டிசூசா இருந்தார். 'அல்பேலா' (1951) படத்தில் சி. ராமச்சந்திராவின் துள்ளலுக்குப் பின்னால் 'இந்தியாவின் லூயி ஆம்ஸ்ட்ராங்' என்று பெயர் வாங்கிய சிக் சாக்லெட் இருந்தார். ஒரு பாட்டில் தன் குழுவோடு திரையிலேயே தோன்றினார்.

ஆனால் டைட்டிலில்? 'இசை' என்று ஒரு பெயர் வரும். பாடகர்கள் பெயர் வரும். வாசித்தவர்கள் பெயர் வராது. ஆன்டனி கோன்சால்வெஸ் என்ற வயலின் ஆசிரியரின் பெயர் இந்தியா முழுக்கப் பரவியது 'அமர் அக்பர் ஆன்டனி' (1977) படத்தில் அமிதாப் பச்சனின் பாட்டு மூலமாக. லக்ஷ்மிகாந்த்–பியாரேலால் ஜோடியில் பியாரேலால் தன் குருவுக்குச் செலுத்திய காணிக்கை அது. கேட்ட கோடிக்கணக்கானவர்களுக்கு அப்படி ஒருவர் உண்மையிலேயே இருந்தார் என்பது தெரியாது.

கணக்குத் தீர்க்கும் முயற்சிகள் வெகு தாமதமாகத்தான் வந்தன. கோவாவின் ஜாஸ் கலைஞர் கிறிஸ் பெரி, பாடகி லோர்னா இருவரின் வாழ்க்கையின் சாயலில் பார்ட்ராய் பாரெட்டோ எடுத்த கொங்கணிப் படம் 'நாச்சோம்-இயா கும்பசார்', 2014-ம் ஆண்டுக்கான தேசிய விருதில் சிறந்த கொங்கணிப் படமாகத் தேர்வானது. 2015-ல் அனுராக் காஷ்யப் 'பாம்பே வெல்வெட்' எடுத்தார். 1960-களின் ஜாஸ் கிளப்பைப் பெரும் செலவில் மறுபடி கட்டி, அமித் திரிவேதியின் இசையோடு வந்த படம் வசூலில் படுத்துவிட்டது. சின்னப் படம் ஜெயித்தது மனிதர்களைக் காட்டியதால்.

யாழ்ப்பாணம், 1958

தெற்கே கதை வேறு மாதிரி. இங்கே ஜாஸ் வயலினைத் தேடிப் போனது ஒரு கர்நாடக சங்கீதக் குடும்பம்.

வி. லட்சுமிநாராயண ஐயர் யாழ்ப்பாணத்தில் இசை ஆசிரியராக இருந்தவர். வயலின் என்றால் பாட்டுக்குப் பக்கவாத்தியம் என்பதுதான் அன்றைய நிலை. பாடுபவர் நடுவில், வயலின் ஓரத்தில். அந்த வாத்தியம் உலக மேடையில் தனியாக நிற்க வேண்டும் என்பது அவர் ஆசை. மகன்கள் வைத்தியநாதன், சுப்பிரமணியம், சங்கர் மூவருக்கும் அவரே குரு.

1958-ல் இலங்கையில் தமிழர்களுக்கு எதிராகக் கலவரம் வெடித்தது. குடும்பம் வீடு வாசலை விட்டுச் சென்னைக்கு வந்து சேர்ந்தது. மறுபடி ஒன்றிலிருந்து தொடங்க வேண்டியிருந்தது. அந்த நிலைமையில் ஒரு மகன் டாக்டருக்குப் படித்ததில் ஆச்சரியம் இல்லை. படிப்பை முடித்த பிறகும் ஸ்டெதஸ்கோப்பை வைத்துவிட்டு வில்லை எடுத்ததில்தான் ஆச்சரியம்.

மூவரும் சேர்ந்து வயலின் மூவராகக் கச்சேரி செய்தார்கள். பிறகு பாதைகள் பிரிந்தன. மூத்தவர் எல். வைத்தியநாதன் சென்னையில் சினிமாவுக்குப் போனார். கன்னடப் படவுலகின் முக்கிய இசையமைப்பாளரான ஜி.கே. வெங்கடேஷிடம் உதவியாளராக இருந்தார். இளையராஜா தொழில் பழகியதும் அதே வெங்கடேஷிடம்தான். சுப்பிரமணியம் கலிஃபோர்னியாவில் மேற்கத்திய இசை படிக்கப் போனார். 1974-ல் ரவிசங்கரும் ஜார்ஜ் ஹாரிசனும் நடத்திய இசைப் பயணத்தில் அவர் வயலின் இருந்தது. இளையவர் எல். சங்கர் அமெரிக்காவில் வெஸ்லியன் பல்கலைக்கழகத்துக்குப் போனார். மைல்ஸ் டேவிஸின் குழுவில் கிதார் வாசித்துப் புகழ் பெற்ற ஜான் மெக்லாக்லின், தபலாவில் ஜாகிர் உசேன், கடத்தில் விக்கு விநாயக்ராம் ஆகியோரோடு அவர் சேர்ந்தபோது 'சக்தி' பிறந்தது. அதன் முதல் இசைத்தட்டு 1976-ல் வெளிவந்தது.

மோகனமும் மூன்று கார்டும்

சுப்பிரமணியம் 1978-ல் டென்மார்க்கின் ஜாஸ் வயலின் கலைஞர் ஸ்வெண்ட் அஸ்முசனோடு 'கார்லண்ட்' இசைத்தட்டைத் தந்தார். 'பிளாசம்' (1981) இசைத்தட்டில் ஹெர்பி ஹான்காக் பியானோ வாசித்தார். 'கான்வர்சேஷன்ஸ்' (1984), பாரிசின் ஸ்டெஃபான் கிராப்பெல்லியோடு. இந்த இருவருக்குமே சினிமா தொடர்பு உண்டு. ஹான்காக், அன்டோனியோனியின் 'புளோ அப்' (1966) படத்துக்கு இசையமைத்து, பின்பு 'ரவுண்ட் மிட்நைட்' (1986) படத்துக்காக ஆஸ்கார் வாங்கியவர். கிராப்பெல்லி, அதே லூயி மாலின் 'மிலூ ஆன் மே' (1990) படத்துக்கு இசை தந்தவர்.

கர்நாடக சங்கீதக்காரருக்கு ஜாஸ் ஏன் இவ்வளவு சுலபமாகக் கைவந்தது? மேலோட்டமாகப் பார்த்தால் ஒற்றுமைகள் பளிச்சென்று தெரியும். கீர்த்தனை நடுவில் கல்பனா ஸ்வரம் பாடுவது மாதிரி, ஜாஸிலும் தெரிந்த மெட்டை வாசித்துவிட்டு அதன்மேல் கற்பனை செய்வார்கள். தனி ஆவர்த்தனத்தில் மிருதங்கமும் கடமும் மாறி மாறி, ஆவர்த்தனத்தைப் பாதி பாதியாகக் குறைத்துக்கொண்டே போவது போல, ஜாஸிலும் நாலு அளவு உனக்கு, நாலு அளவு எனக்கு என்று பங்குபோட்டு மோதுவார்கள். 1958-ல் டேவ் புரூபெக் சென்னைக்கு வந்து மிருதங்க மேதை பழனி சுப்பிரமணிய பிள்ளையோடு வாசித்தபோது, மொழிபெயர்ப்பாளர் தேவைப்படாததற்குக் காரணம் இதுதான்.

சிக்கல் அடியில் இருக்கிறது. நம் ராகத்துக்கு ஒரே ஆதாரம், தம்பூராவின் ஷட்ஜம். கச்சேரி முடியும்வரை அது நகராது. ஜாஸில் கீழே உள்ள கார்டு, அதாவது ஒரே சமயத்தில் ஒலிக்கும் ஸ்வரக்கூட்டு, சில விநாடிகளுக்கு ஒரு முறை மாறும். அந்த மாற்றத்தின் மேல்தான் கற்பனை ஓடும்.

மோகனத்தையே எடுத்துக்கொள்ளலாம். ஸ, ரி, க, ப, த என்று ஐந்து ஸ்வரம். மேற்கத்திய இசையின் மூன்று அடிப்படைக் கார்டுகளில் முதலாவதான ஸ-க-ப இதில் இருக்கிறது. இரண்டாவதான ம-த-ஸவுக்கு மத்யமம் வேண்டும், மோகனத்தில் கிடையாது. மூன்றாவதான ப-நி-ரிக்கு நிஷாதம் வேண்டும், அதுவும் கிடையாது. ஆக, புத்தகத்தில் உள்ளபடி கார்டு போட்டால் மோகனம் செத்துப்போகும். காதுக்கு இனிமையாக இருக்கும், ஆனால் மோகனமாக இருக்காது. போதாததற்குக் கமகம் வேறு. ஸ்வரம் அசைந்துகொண்டிருக்கும்போது கார்டு அசையாமல் நின்றால் இரண்டும் உரசும்.

இதற்குச் சுப்பிரமணியம் கண்ட வழி, ராகத்தின் ஸ்வரங்களிலிருந்தே ஸ்வரக்கூட்டுகளை உண்டாக்குவது. மோகனம் என்றால் த-ஸ-க போன்ற கூட்டுகள் உள்ளுக்குள்ளேயே கிடைக்கும். இந்த 'ராக ஹார்மனி'யையே ஆராய்ச்சிப் பொருளாக எடுத்துக்கொண்டு 2017-ல், எழுபதை எட்டும் வயதில், பெங்களூர் ஜெயின் பல்கலைக்கழகத்தில் முனைவர் பட்டம் பெற்றார்.

இது வித்வான்களின் வீட்டுச் சண்டை என்று ஒதுக்கிவிட முடியாது. தமிழ் சினிமாப் பாட்டு ஒவ்வொன்றும் இந்தச் சிக்கலைத் தாண்டித்தான் வந்தாக வேண்டும். ராகத்தில் மெட்டு, கீழே கிதாரும் பியானோவும். இளையராஜாவின் பெரிய சாதனைகளில் ஒன்று, மெட்டுக்குக் கீழே கார்டுகளை அடுக்குவதோடு நிற்காமல், ஒன்றுக்கொன்று பேசும் இன்னொரு மெட்டை ஓடவிட்டது. ஏ.ஆர். ரஹ்மான் 'இருவர்' (1997) படத்தில் 1950-களின் சினிமா உலகத்தைக் கொண்டுவர, ஆஷா போஸ்லேயின் குரலில் பச்சையான ஜாஸையே கையாண்டார். அது வெறும் கிளப் கவர்ச்சியாகத் தெரியவில்லை. ஒரு காலத்தின் மயக்கமாகத் தெரிந்தது.

டெல்டாவில் ஒரு வயலின்

'சலாம் பாம்பே'க்குப் பிறகு மீரா நாயர் மறுபடி சுப்பிரமணியத்தை அழைத்தது 'மிஸ்ஸிஸிப்பி மசாலா' (1991) படத்துக்கு. 1972-ல் இடி அமீன் உகாண்டாவிலிருந்து ஆசியர்களை விரட்டினார். அப்படி விரட்டப்பட்ட ஓர் இந்தியக் குடும்பம், அமெரிக்காவின் தெற்கே கிரீன்வுட் என்ற சிற்றூருக்கு வந்து சேர்கிறது. அங்குள்ள இந்தியர்களுக்குப் பிழைப்பு மோட்டல் தொழில். மகள் ஒரு கறுப்பின இளைஞனைக் காதலிக்கிறாள். அப்பாவோ கம்பாலாவில் விட்டுவந்த வீட்டுக்காக வழக்காடிக்கொண்டே வாழ்கிறார்.

கிரீன்வுட் இருப்பது மிஸ்ஸிஸிப்பி டெல்டாவில். ஜாஸுக்குத் தாய்ப்பால் கொடுத்த புளூஸ் இசையின் சொந்த மண் அது. புளூஸ் மேதை ராபர்ட் ஜான்சன் 1938-ல் உயிர்விட்டதும் அந்த ஊர்ப் பக்கத்தில்தான். கப்பலில் அடிமைகளாகக் கொண்டுவரப்பட்டவர்களின் சந்ததியும் விமானத்தில் அகதிகளாக ஏற்றப்பட்டவர்களும் சந்திக்கும் கதைக்கு, பதினோரு வயதில் யாழ்ப்பாணத்து வீட்டை இழந்தவர் இசையமைத்தார். இதைவிடப் பொருத்தமான ஆளை மீரா நாயர் எங்கே தேடியிருக்க முடியும்?

ஜாஸை மதுக்கடையிலிருந்து மீட்டு, ஊரை இழந்தவர்களின் குரலாகக் கேட்க வைத்ததுதான் இந்த மாதிரிப் படங்களின் சாதனை. அதன் பிறப்பே அப்படிப்பட்டதுதான் என்பதைச் சினிமா கண்டுகொள்ள இத்தனை காலம் ஆனது.

தம்பி சங்கரும் சும்மா இல்லை. மார்ட்டின் ஸ்கார்செஸியின் 'தி லாஸ்ட் டெம்ப்டேஷன் ஆஃப் கிரைஸ்ட்' (1988) படத்துக்குப் பீட்டர் கேப்ரியல் இசையமைத்தபோது, சங்கரின் இரட்டை வயலின் அதில் முக்கியமான குரல். அண்ணன் 'சலாம் பாம்பே'யில், தம்பி ஸ்கார்செஸி படத்தில், இரண்டும் ஒரே வருஷம். சுப்பிரமணியத்தின் வயலின் பின்னர் பெர்டோலூச்சியின் 'லிட்டில் புத்தா'விலும் (1993) ஒலித்தது.

பேசாத படம், பேசிய இசை

இந்த இருவரைப் பற்றி எழுதும்போதெல்லாம் மூத்தவர் வைத்தியநாதன் நிழலில் நின்றுவிடுகிறார். உண்மையில் சாதாரண ரசிகனின் காதில் அதிகம் தங்கியிருப்பது அவர் இசைதான். ஆர்.கே. நாராயணின் கதைகளை ஷங்கர் நாக் ஆகும்பேயில் படமாக்கிய 'மால்குடி டேஸ்' தொலைக்காட்சித் தொடரின் முகப்பு இசை அவருடையது. வார்த்தையே இல்லாத அந்த முணுமுணுப்பை, 1980-களில் டிவி பார்த்த எவரையும் பாதித் தூக்கத்தில் எழுப்பிக் கேட்டாலும் பாடிக் காட்டுவார்கள்.

பெங்களூர் என்ற நகரத்துக்கு அவர் தந்த பரிசு, 'பேசும் படம்' (1987). கன்னடத்தில் 'புஷ்பக விமானா'. சிங்கீதம் சீனிவாசராவ் இயக்கத்தில் கமல்ஹாசன் நடித்து, பெங்களூரிலேயே எடுத்த படம். வசனமே கிடையாது. வழக்கமாக வசனத்துக்கு அடியில் நசுங்கிக் கிடக்கும் பின்னணி இசைக்கு, இரண்டு மணி நேரம் முழுசாக வாய் திறந்துவிட்டது. நடிகரின் ஒரு பார்வை, வயலினின் ஓர் இழுப்பு, ஒரு கதவுச் சத்தம், மறுபடி இசை என்று ஜாஸ் கலைஞர்கள் கேள்வி–பதில் வாசிப்பது மாதிரியே பல காட்சிகள் நகரும்.

அதில் ஒரு நகைச்சுவையை மறக்க முடியாது. தியேட்டருக்கு அடுத்த இடுக்கு அறையில் குடியிருந்து, சண்டைக்காட்சிகளின் சத்தத்திலேயே தூங்கிப் பழகிய நாயகனுக்கு, ஐந்து நட்சத்திர ஓட்டலின் அமைதியில் தூக்கம் வரவில்லை. போய் அந்தச் சத்தத்தை டேப்பில் பதிவு செய்துகொண்டு வந்து போட்டுவிட்டுத் தூங்குகிறான். சினிமா நம் காதை என்ன செய்திருக்கிறது என்பதை இதைவிடச் சுருக்கமாகச் சொல்ல முடியாது. வைத்தியநாதன் 2007-ல் காலமானார். அவர் தகுதிக்குக் கிடைத்த புகழ் குறைவு.

'ஹே ராம்' சோதனை

சினிமாவும் சுதந்திரக் கலைஞனும் உரசிக்கொண்டால் என்ன ஆகும் என்பதற்குத் தமிழ்ச் சினிமாவிலேயே உதாரணம் இருக்கிறது. கமல்ஹாசனின் 'ஹே ராம்' (2000) படத்துக்கு முதலில் இசையமைக்க வந்தவர் சுப்பிரமணியம். பாடல்கள் பதிவாகி, காட்சிகளும் படமாகிவிட்ட நிலையில் கூட்டணி முறிந்தது. உள்ளே வந்தார் இளையராஜா. ஏற்கெனவே படமாகியிருந்த உதட்டசைவுக்கும் ஆட்டத்துக்கும் பொருந்துகிற மாதிரி, முற்றிலும் புதிய மெட்டுகளைப் போட்டுக் கொடுத்தார். மறுபடி படப்பிடிப்பு தேவைப்படவில்லை.

இதை இளையராஜாவின் மேதைமைக்குச் சான்றாகச் சொல்வது வழக்கம். நியாயம்தான். அதோடு இன்னொன்றும் இதில் தெரிகிறது. சினிமாவில் கடைசி வார்த்தை பிம்பத்துக்குத்தான். இசை எவ்வளவு உயர்ந்ததானாலும், படச்சுருளின் கீழே ஒன்றை உருவிவிட்டு இன்னொன்றைச் செருகலாம். மைல்ஸ் டேவிஸ் பிம்பத்தைப் பார்த்து வாசித்ததும் இளையராஜா பிம்பத்தைப் பார்த்து மெட்டுப் போட்டதும் ஒரே ஜாதித் திறமை. கட்டுப்பாட்டுக்குள் கற்பனை செய்யத் தெரிந்தவனே சினிமாவில் தாக்குப்பிடிப்பான்.

கன்டோன்மென்டின் காது

பெங்களூருக்கு ஜாஸ் புதிதல்ல. ஆங்கிலேயப் படை 1809-ல் அமைத்த கன்டோன்மென்ட், தமிழர்களும் ஆங்கிலோ இந்தியர்களும் கலந்து வாழ்ந்த பகுதி. கிளப்புகளில் நடன இசை, எம்.ஜி. சாலையின் பிளாசாவிலும் பிரிகேட் சாலையின் ரெக்ஸிலும் ஹாலிவுட் படங்கள். மேற்கத்திய இசைக்கான காது அங்கே உண்டானது. பிளாசா, ரெக்ஸ் இரண்டும் இன்று இல்லை.

அந்தக் காது கன்னட சினிமாவுக்குள் ஏன் நுழையவில்லை? காரணம் எளியது. பல பத்தாண்டுகள் கன்னடப் பாடல்கள் பதிவானது சென்னையில். பெங்களூரில் ஒருவர் எவ்வளவு நன்றாக சாக்ஸஃபோன் வாசித்தாலும், சினிமா வாய்ப்புக்கு ரயில் ஏற வேண்டியிருந்தது. ஷங்கர் நாக் தன் சகோதரர் அனந்த் நாக்கோடு சேர்ந்து 'சங்கேத்' ஒலிப்பதிவுக் கூடத்தைப் பெங்களூரிலேயே தொடங்கியது இந்த நிலையை மாற்றத்தான். 1990-ல் சாலை விபத்தில் அவர் இறந்தபோது வயது 35.

ஆகவே பெங்களூரின் ஜாஸ் சினிமாவுக்கு வெளியே வளர்ந்தது. டி.ஏ.எஸ். மணி 1964-ல் தொடங்கிய கர்நாடகத் தாளவாத்தியக் கல்லூரியும் பாடகி ஆர்.ஏ. ராமமணியும் அமெரிக்க சாக்ஸஃபோன் கலைஞர் சார்லி மரியானோவோடு சேர்ந்து 1983-ல் 'ஜோதி' இசைத்தட்டைத் தந்தார்கள். சார்லஸ் மிங்கஸின் குழுவில் வாசித்த மரியானோ, நாகஸ்வரம் கற்றுக்கொண்டவர். அந்தக் கூட்டணி ஜெர்மனியில் அறியப்பட்ட அளவுக்குப் பெங்களூரில் அறியப்படவில்லை.

சுப்பிரமணியம் 1999-ல் பின்னணிப் பாடகி கவிதா கிருஷ்ணமூர்த்தியை மணந்துகொண்டார். இந்தி சினிமாவின் உச்சியில் இருந்த குரலும் சினிமாவுக்கு அடங்காத வயலினும் ஒரே வீட்டில். இருவரும் 2007-ல் பெங்களூரில் தொடங்கிய இசைப்பள்ளியில், பிள்ளைகள் கர்நாடக இசையோடு மேற்கத்திய இசையையும் கற்கிறார்கள். தந்தையின் நினைவாக 1992 முதல் சுப்பிரமணியம் நடத்திவரும் உலக இசை விழாவில் ஜாஸுக்கு எப்போதும் இடம் உண்டு.

பெயர் போடுங்கள்

சிக் சாக்லெட் காலத்தில் ஒரு பாட்டுக்கு அறுபது பேர் உட்கார்ந்து வாசித்தார்கள். பெயர் வராவிட்டாலும் மாலையில் கூலி கையில் வந்தது. இன்று டிரம்பெட் வேண்டுமென்றால் கம்ப்யூட்டரில் சேமித்த ஒலியைத் தட்டினால் போதும். முன்பு மறைந்தது பெயர். இப்போது ஆளே மறைகிறான். ஜாஸுக்கு இது இரட்டை நஷ்டம். சேமித்த ஒலி எத்தனை முறை தட்டினாலும் அப்படியேதான் வரும், ஜாஸ் எதை ஒப்புக்கொள்ளாதோ அதேதான்.

நம்பிக்கைக்கும் இடம் இருக்கிறது. 1990-களில் ரஹ்மான் தன் ஒலிநாடா உறைகளில் வாத்தியக் கலைஞர்களின் பெயர்களை அச்சிட ஆரம்பித்தார். அதைப் பார்த்துத்தான், நாம் வருஷக்கணக்கில் ரசித்த புல்லாங்குழலுக்கும் கிதாருக்கும் முகம் உண்டு என்று ஒரு தலைமுறை தெரிந்துகொண்டது. பெங்களூரின் வைட்ஃபீல்டில் ஜாஸுக்கென்றே அரங்கு வைத்து நடத்தும் இடம் இருக்கிறது. ஐ.டி. கம்பெனி வேலை முடிந்து வரும் இளைஞர்கள் காசு கொடுத்து உட்கார்ந்து கேட்கிறார்கள்.

லட்சுமிநாராயண ஐயரின் ஆசை, வயலின் ஓரத்திலிருந்து நடுவுக்கு வர வேண்டும் என்பது. மேடையில் அதை மகன்கள் சாதித்துவிட்டார்கள். சினிமாவில் வாத்தியக்காரன் இன்னமும் ஓரத்தில்தான் இருக்கிறான். அவனை நடுவுக்குக் கொண்டுவரப் பெரிய புரட்சி எதுவும் வேண்டாம். படம் முடிந்து எழுத்துகள் ஓடும்போது இன்னும் நாலு வரி சேர்த்தால் போதும். அதைப் படிக்க, விளக்குப் போட்ட பிறகும் நாம் ஒரு நிமிஷம் நாற்காலியில் உட்கார்ந்திருந்தால் போதும்.